மேட்டுக்காட்டில் பண்ணையம்: மூன்று ஏக்கர் மானாவாரி நிலத்துக்கு ஒரு முழு வழிகாட்டி

காங்கேயம், வெள்ளகோவில், மூலனூர், தாராபுரம், அரவக்குறிச்சி வட்டாரத்தில் நிலம் இருக்கிறது என்று சொன்னால், "தோட்டமா, காடா?" என்றுதான் முதலில் கேட்பார்கள். கிணற்றுத் தண்ணீர் பாய்ந்தால் தோட்டம். மழையை மட்டும் பார்த்துக் கிடந்தால் காடு. காடு மலிவு என்று வாங்குபவர்களும், பாட்டன் சொத்தில் பங்கு வந்து ஊர் திரும்புபவர்களும் அடுத்த மாதமே ஆழ்துளைக் கிணறு போடும் போர் வண்டியைக் கூப்பிட்டு அதைத் தோட்டமாக்கப் பார்க்கிறார்கள். அதைக் காணும்போதெல்லாம் எனக்கு மனசு பதறும். இந்தப் பக்கம் அடியில் இருப்பது கடும்பாறை. பாறையில் வெடிப்பு இருந்தால்தான் தண்ணீர். ஆயிரம் அடி தாண்டியும் வெறும் புழுதி கிளம்பிய போர்கள் கொங்கில் நிறைய உண்டு. கையிருப்பெல்லாம் அந்தக் குழிக்குள் போனபிறகு வேலிக்கும் ஆட்டுக்கும் எதுவும் மிஞ்சாது.

இதே மண்ணில் காட்டைக் காடாகவே வைத்துப் பிழைக்கும் முறை ஒன்று தலைமுறை தலைமுறையாக இருக்கிறது. கொறங்காடு என்பார்கள். சுற்றிலும் கிளுவை என்னும் முட்செடியால் ஆன உயிர்வேலி, உள்ளே கொழுக்கட்டைப் புல், அங்கங்கே வெள்வேல மரம், மேய்வதற்குச் செம்மறியும் மாடும். காங்கேயம் மாட்டையும் மேச்சேரி ஆட்டையும் தாங்கி நிற்பது இந்தப் புல்தான். மூன்று ஏக்கர் காடு கைக்கு வந்த ஒரு குடும்பம் அந்த முறையை எப்படித் தொடங்கலாம் என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன். வரிசையை மாற்றாதீர்கள்: பத்திரம், மழை, வேலி, தண்ணீர், புல், வீடு, ஆடு. பயிர் அதற்கப்புறம். போர் கடைசி, அதுவும் தேவைப்பட்டால்.

பத்திரமும் பாதையும்

முன்பணம் கொடுப்பதற்கு முன் ஐந்து காகிதங்கள் கையில் இருக்க வேண்டும்: மூலப்பத்திரம், 30 ஆண்டுக்காவது எடுத்த வில்லங்கச் சான்று, பட்டா சிட்டா, அடங்கல், புல வரைபடம். பட்டாவும் புல வரைபடமும் அரசின் இணையதளத்திலேயே கிடைக்கும். பட்டாவில் அளவு ஏக்கரில் இருக்காது. ஹெக்டேர், ஏர் கணக்கில் இருக்கும். ஒரு ஹெக்டேர் 2.47 ஏக்கர், அதாவது 100 ஏர். ஆக, 3 ஏக்கர் என்றால் 1 ஹெக்டேர் 21.5 ஏர். விற்பவர் வாயால் சொல்லும் ஏக்கரை இதனோடு பொருத்திப் பாருங்கள். பத்திரத்தில் ஓர் அளவும் பட்டாவில் வேறோர் அளவும் இருந்தால், சர்வேயரை வைத்து அளந்து கல் நட்ட பிறகுதான் மேற்கொண்டு பேச வேண்டும்.

கூட்டுப் பட்டாவாக இருந்தால் உட்பிரிவு செய்து தனிப்பட்டா வாங்கித் தரச் சொல்லுங்கள். "வாங்கிட்டு அப்புறம் பண்ணிக்கலாமுங்க" என்று சொன்னால் நழுவிவிடுவது நல்லது. கோயில் நிலம், புறம்போக்கு, பூமிதான நிலம் எதுவும் கலந்திருக்கிறதா என்று கிராம நிலங்களின் கணக்கான 'அ' பதிவேட்டில் பாருங்கள். 1892-ல் ஆங்கிலேய அரசு ஒடுக்கப்பட்ட மக்களுக்கென ஒதுக்கிய பஞ்சமி நிலம் மலிவாக விலைக்கு வரும். அது அந்த மக்களுடையது. மற்றவர்கள் வாங்கவே கூடாது.

அடுத்தது பாதை. இந்த வட்டாரத்தில் இரண்டு பக்கமும் கிளுவை வேலி நிற்க, நடுவே போகும் மண்பாதையை இட்டேரி என்பார்கள். உங்கள் காட்டுக்கு வரும் இட்டேரி புல வரைபடத்தில் வண்டிப்பாதையாக இருக்கிறதா, அல்லது பக்கத்துக் காட்டுக்காரர் பெரிய மனது பண்ணி விட்டுவைத்ததா? இரண்டாவது என்றால் அந்த உரிமையைப் பத்திரத்தில் எழுதி வாங்குங்கள். வழக்கில் கிடக்கும் காடுகளில் பல, பாதைக்காகத்தான் கிடக்கின்றன. கிணற்றில் பங்கு உண்டு என்றால் எத்தனையில் ஒரு பங்கு, மோட்டார் முறை எந்தக் கிழமை என்பது வரை எழுத்தில் வேண்டும்.

ஒரு மழைக்காலம் சும்மா பாருங்கள்

வாங்கியவுடன் பொக்லைனை இறக்காதீர்கள். ஒரு ஐப்பசி, கார்த்திகை முழுவதும் காட்டுக்குப் போய் வந்து கொண்டிருந்தால் போதும். மழை பெய்யும்போதே குடையோடு நடந்து பாருங்கள். தண்ணீர் எந்த மூலையில் உள்ளே வருகிறது, எங்கே தேங்குகிறது, எந்த இடத்தில் மண்ணை அரித்துக்கொண்டு வெளியே போகிறது என்பதை ஒரு தாளில் வரைந்து வையுங்கள். அந்தப் பக்கம் காலங்காலமாக ஆடு மேய்க்கும் பெரியவர் யாராவது இருப்பார். "ஏனுங்க ஐயா, பெருமழை வந்தா தண்ணி எந்தப் பக்கமாப் போகுமுங்க?" என்று கேளுங்கள். எந்த வருடம் எந்த வரப்பு உடைந்தது என்பது வரை சொல்லுவார்.

மழை நின்று ஈரம் இருக்கும்போதே நான்கைந்து இடங்களில் கடப்பாரை போட்டுப் பாருங்கள். மேலே செம்மண், சரளை. கீழே வெள்ளையாகச் சுக்கான், அதாவது சுண்ணாம்புக் கல். அந்தச் சுக்கான் எத்தனை அடியில் தட்டுகிறது என்பதுதான் உங்கள் காட்டின் தலையெழுத்து. ஒரு அடிக்குள் தட்டினால் அந்த இடம் புல்லுக்கு. இரண்டு, மூன்று அடி மண் இருந்தால் மரமும் பயிரும் வைக்கலாம். தோண்டிய மண்ணை ஒரு பிடி எடுத்து நனைத்து உருட்டுங்கள். உருண்டை நிற்காமல் உதிர்ந்தால் மணல் சரளை, தண்ணீர் நிற்காது. உருண்டு திரியாக நீண்டால் களி இருக்கிறது, கொஞ்சம் ஈரம் பிடிக்கும்.

மண் பரிசோதனையும் இப்போதே செய்துவிடலாம். வரப்போரம், மர நிழல், எருக் குவித்த இடம் மூன்றையும் தவிர்த்து, காட்டில் குறுக்கும் நெடுக்குமாகப் பத்துப் பதினைந்து இடங்களில் 'வி' வடிவத்தில் அரை அடி ஆழத்துக்கு வெட்டி, குழியின் ஓரத்திலிருந்து மேலிருந்து கீழ்வரை சீராக மண் சுரண்டி எடுங்கள். எல்லாவற்றையும் கலந்து பரப்பி நான்காகப் பிரித்து, எதிரெதிர்ப் பாகங்களைத் தள்ளிக்கொண்டே வந்து கடைசியில் அரைக் கிலோ மிஞ்சினால் துணிப்பையில் கட்டி ஆய்வகத்தில் கொடுங்கள். கார அமில நிலையும் உப்பின் அளவும் தெரிந்தால் எந்த மரம் தாங்கும் என்று ஓரளவு முடிவு செய்துவிடலாம்.

வேலி

கம்பி வேலி ஒரே நாளில் நிற்கும். கிளுவை வேலி நிற்க இரண்டு மூன்று வருடம் ஆகும். அப்படியும் கிளுவைதான் போடுங்கள் என்பேன். அது காற்றைத் தடுக்கும், மண்ணைப் பிடிக்கும், அணிலுக்கும் கௌதாரிக்கும் இடம் கொடுக்கும், திருட்டுப் போகாது. ஆனியிலும் ஆடியிலும் பாலக்காட்டுக் கணவாய் வழியாக இங்கே அடிக்கும் காற்றை அனுபவித்தவர்களுக்கு உயிர்வேலியின் அருமை தெரியும்.

சதுரமான 3 ஏக்கருக்குச் சுற்றளவு ஏறத்தாழ 1,450 அடி. நீளவாக்கில் கிடக்கும் நிலம் என்றால் இன்னும் கூடும். அரை அடிக்கு ஒரு குச்சி நட்டால் 2,900 குச்சி வேண்டும். இவ்வளவையும் ஒரே வருடத்தில் நட்டாக வேண்டும் என்றில்லை. காற்று வரும் மேற்குப் பக்கத்தை முதல் வருடம் முடித்துவிட்டு மற்றதை அடுத்தடுத்துச் செய்யலாம். அதுவரை அந்தப் பக்கங்களில் முள் வெட்டிப் போட்டுச் சமாளிக்கலாம்.

பழைய வேலி வைத்திருப்பவரிடம் கேட்டால் கழிக்கும்போது குச்சி தருவார். முற்றிய, கட்டைவிரல் பருமனுக்குக் குறையாத குச்சியாகப் பார்த்து எடுங்கள். இளங்குச்சி அழுகிப்போகும். வெட்டிய குச்சிகளை நிழலில் போட்டு வெட்டுவாயில் பால் காய விட்டு, மழை தொடங்கும் நேரத்தில் நடுங்கள். முதலில் ஒரு அடி ஆழத்துக்கு நீளமாக வாய்க்கால் மாதிரி வெட்டிக்கொள்ள வேண்டும். குச்சிகளைச் சற்றுச் சாய்த்து, ஒன்று வலப்பக்கம் என்றால் அடுத்தது இடப்பக்கம் என்று குறுக்காக வைத்து, மண்ணைத் தள்ளி மிதித்து இறுக்குங்கள். குறுக்காக நட்டால்தான் வளர்ந்து பருக்கும்போது ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு நாய்கூட நுழையாத வேலியாகும். கோடையில் இலை கொட்டிவிட்டு மொட்டையாக நிற்கும். செத்துவிட்டது என்று பிடுங்கிவிடாதீர்கள்; நகத்தால் பட்டையைக் கீறிப் பார்த்தால் உள்ளே பச்சை தெரியும்.

உள்ளே நிலத்தை மூன்று துண்டாகத் தடுக்க வேண்டும். மேய்ச்சலைச் சுழற்ற அது அவசியம். உள் தடுப்பும் கிளுவையாக இருந்தால் நல்லது. முதல் சில வருடம் முள்தட்டி போதும். ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு கடவு, அதற்கு ஒரு படல்.

தண்ணீர்

ஒரு ஏக்கரில் 25 மி.மீ. மழை விழுந்தால் அது ஒரு லட்சம் லிட்டர். இந்தப் பக்கம் வருட மழை 600 மி.மீ.-ஐ ஒட்டித்தான் இருக்கும் என்றாலும், ஏக்கருக்கு 24 லட்சம் லிட்டர் ஆகிறது. மூன்று ஏக்கருக்கு 72 லட்சம். ஆறேழு பெருமழையில் வந்து இரண்டு நாளில் ஓடிப்போகும் தண்ணீர் இது. அதை நிற்கவைத்து மண்ணுக்குள் இறக்குவதுதான் காட்டுக்காரரின் முதல் வேலை.

அதற்கு வரப்பு. கொத்தனார் பயன்படுத்தும் டியூப் மட்டத்தை வாங்கிக்கொள்ளுங்கள். இரண்டு பேர் ஆளுக்கு ஒரு முனையைப் பிடித்து, தண்ணீர் மட்டம் ஒன்றாக நிற்கும் இடங்களில் முளை அடித்துக்கொண்டே போனால் சரிவுக்குக் குறுக்கே ஒரு வளைந்த கோடு கிடைக்கும். அந்தக் கோட்டில் வரப்புப் போடுங்கள். நேர்க்கோட்டில் அழகாக இருக்க வேண்டும் என்று டிராக்டர்காரர் சொல்வதைக் கேட்காதீர்கள். நேராகப் போட்ட வரப்பு பள்ளமான ஓரிடத்தில் தண்ணீரைக் குவித்து உடையும். ஒவ்வொரு வரப்பின் தாழ்ந்த முனையிலும் கல் பரப்பி ஒரு வழிவாய் வைக்க வேண்டும். மிஞ்சிய தண்ணீர் வரப்பை உடைக்காமல் அதன் வழியே அடுத்த வரப்புக்கு இறங்கும்.

எல்லாம் வந்து சேரும் தாழ்ந்த மூலையில் ஒரு பண்ணைக்குட்டை. மேலே 10 மீட்டருக்கு 10 மீட்டர், ஆழம் ஒன்றரை மீட்டர், ஓரம் 45 டிகிரி சரிவு என்று வெட்டினால் ஏறத்தாழ 1.1 லட்சம் லிட்டர் பிடிக்கும். ஓரத்தைச் செங்குத்தாக வெட்டினால் சரிந்து மூடிக்கொள்ளும். குழந்தையோ ஆடோ விழுந்தால் ஏறவும் முடியாது. தண்ணீர் உள்ளே வரும் வாயில் ஒரு சிறு வண்டல் குழி வெட்டினால் மண் அதிலேயே தங்கிவிடும். சரளை மண்ணில் குட்டைத் தண்ணீர் கீழே இறங்கத்தான் செய்யும். பக்கத்தில் கிணறு இருந்தால் அது ஊறும், நல்லதுதான். தேக்கியே ஆக வேண்டும் என்றால் ஏரி வண்டலைக் கொண்டுவந்து அடியில் பரப்பி மிதித்து இறுக்கலாம். வட்டாட்சியரிடம் அனுமதி வாங்கினால் விவசாயிகளுக்கு வண்டல் மண் இலவசம். வண்டிச் செலவு மட்டும் நம்முடையது.

குடிதண்ணீருக்குக் கூரை போதும். 600 சதுர அடிக் கூரையில் 600 மி.மீ. மழை விழுந்து, அதில் ஐந்தில் ஒரு பங்கு வீணானாலும் 26,000 லிட்டருக்கு மேல் தொட்டிக்கு வரும். நான்கு பேர் குடிக்கவும் சமைக்கவும் நாளுக்கு 40 லிட்டர் என்றால் வருடத்துக்கு 14,600 லிட்டர்தான். முதல் மழைத் தண்ணீரை வெளியே தள்ள ஒரு தனிக் குழாய், தொட்டி வாயில் மணலும் கரியும் போட்ட வடிகட்டி, வெளிச்சம் புகாத மூடி. குடிக்கும் தண்ணீரைக் காய்ச்சிக்கொள்ளுங்கள்.

புல்லும் மரமும்

ஆடிப்பட்டம் தேடி விதை என்ற சொல் இந்த வட்டாரத்துக்கு அப்படியே பொருந்தாது. இங்கே ஆடியில் அடிப்பது ஈரத்தை உறிஞ்சும் காற்று. மானாவாரி விதைப்பு புரட்டாசி, ஐப்பசியில்தான். சித்திரை, வைகாசியில் கோடை மழை விழுந்தால் சரிவுக்குக் குறுக்கே ஒரு உழவு ஓட்டி வைத்துவிடுங்கள். அதன்பின் ஈரம் உள்ளே இறங்க வழி இருக்கும்.

கொழுக்கட்டைப் புல் விதையைக் கையில் எடுத்துப் பாருங்கள். பஞ்சுபோல லேசாக, உடம்பெல்லாம் சிறு மயிரோடு ஒட்டிக்கொள்ளும். அப்படியே வீசினால் காற்று கொண்டுபோய்விடும். ஈர மண்ணோடு கலந்து பிசைந்து, ஏக்கருக்கு மூன்று கிலோ வரை தூவுங்கள். ஆழமாகப் புதைந்தால் முளைக்காது. முள் கட்டையை ஒரு முறை இழுத்துவிட்டால் போதும். அந்த வருடமே அறுத்த விதை வேண்டாம். இந்த விதைக்குப் பல மாத உறக்கம் உண்டு. போன வருடத்து விதைதான் நன்றாக முளைக்கும். மூன்று பங்கு புல்லுக்கு ஒரு பங்கு முயல் மசால் என்னும் பயறுவகைத் தீவனச் செடி சேர்த்தால் தீவனத்தில் புரதம் கூடும், மண்ணிலும் தழைச்சத்து சேரும். முயல் மசால் விதையின் தோல் கடினமானது. சூடான தண்ணீரில் சில நிமிடம் போட்டு வடித்துவிட்டு, இரவு முழுக்கக் குளிர்ந்த தண்ணீரில் ஊறவைத்து விதையுங்கள்.

பழைய ஆட்கள் முதல் வருடம் புல்லோடு கம்போ சோளமோ கொள்ளோ கலந்து விதைப்பார்கள். தானியமும், தட்டு என்னும் அதன் தாளும் வீட்டுக்கு வந்துவிடும், அறுத்த பிறகு அடியில் புல் நிற்கும். நல்ல முறை அது. ஆனால் ஒன்றில் மட்டும் விட்டுக்கொடுக்காதீர்கள். முதல் வருடம் அந்தப் புல்லில் ஆடு வாய் வைக்கக் கூடாது. புல் பூத்து, விதை முற்றி, தானாகக் கொட்டி, அடுத்த மழையில் மறுபடி முளைக்க வேண்டும். அந்த ஒரு வருடப் பொறுமைக்குப் பல வருட மேய்ச்சல் கிடைக்கிறது. புல் மெலிந்துபோனால் மறுபடி ஒரு உழவு ஓட்டிப் புதுப்பித்துக்கொள்ளலாம்.

வெள்வேல மரத்துக்கு நாற்றுப் பண்ணை தேடி அலைய வேண்டியதில்லை. அதன் நெற்றை ஆடு தின்னும். செரிக்காமல் புழுக்கையோடு வரும் விதைக்குத் தோல் இளகியிருக்கும். வெள்வேல் நிற்கும் காட்டில் மேய்ந்த ஆட்டின் பட்டிக் குப்பையைக் கேட்டு வாங்கி அங்கங்கே போட்டாலே கன்று எழும்பும். ஏக்கருக்கு இருபது, இருபத்தைந்து மரம் நின்றால் போதும், மற்றவற்றைக் கழித்துவிடுங்கள். நிழல் கூடினால் புல் குறையும். வேலியோரம் வேம்பு நாலைந்து இருக்கட்டும். சீமைக்கருவேல் கன்று எங்கே தலைகாட்டினாலும் வேரோடு தோண்டி எடுத்துவிடுங்கள். மேலே வெட்டினால் மறுபடி துளிர்க்கும்.

சாளை

காட்டில் கட்டும் வீட்டை இங்கே சாளை என்பார்கள். சின்னதாகக் கட்டுங்கள். மேட்டில், தண்ணீர் போகும் வழியிலிருந்து விலகி, ஆட்டுப்பட்டி கண்ணில் படும் தூரத்தில் இருக்கட்டும். மேற்குக் காற்று நேராக வாசலில் அடிக்காதபடி வாசலைக் கிழக்கே வையுங்கள். பட்டி காற்றுக்குக் கீழ்ப்பக்கம் இருந்தால் வாடை வீட்டுக்கு வராது.

பாம்பைப் பற்றி விளையாட்டாக இருக்கக் கூடாது. தட்டுப்போர், விறகு, செங்கல் குவியல் எதுவும் சுவரை ஒட்டி வேண்டாம். தரையில் பாய் விரித்துப் படுக்காதீர்கள். கட்டுவிரியன் ராத்திரியில் தூங்குபவரைத்தான் கடிக்கிறது, வலிகூடத் தெரியாது. கட்டிலில் கொசுவலையை மெத்தைக்கு அடியில் செருகிப் படுங்கள். இருட்டில் டார்ச் இல்லாமல் காலை வெளியே வைக்க வேண்டாம். பாம்புக்கடி மருந்து வைத்திருக்கும் அரசு மருத்துவமனை எது, அங்கே போக எவ்வளவு நேரமாகும் என்பதை முதல் வாரத்திலேயே விசாரித்து வையுங்கள். கடித்தால் கட்டுவதும் கீறுவதும் உறிஞ்சுவதும் வேண்டாம். 108-ஐக் கூப்பிடுங்கள், ஆளை நடக்கவிடாமல் தூக்கிப் போங்கள்.

ஆடு

புல் ஒரு வருடம் நின்று விதை கொட்டிய பிறகுதான் ஆடு. முதலில் ஏக்கருக்கு இரண்டு பெட்டைக்கு மேல் வேண்டாம். மூன்று ஏக்கருக்கு ஆறு பெட்டை. கிடா சொந்தமாக இப்போது தேவையில்லை. இருபது இருபத்தைந்து பெட்டைக்கு ஒரு கிடா போதும் என்பதால் பக்கத்துப் பண்ணையக்காரரின் கிடாவே ஆகும். வெள்ளாட்டைவிட மேச்சேரிச் செம்மறி நல்லது. வெள்ளாடு தலை நிமிர்த்தித் தழை தேடும், இளம் வேலியைக் கடித்துத் தீர்த்துவிடும். செம்மறி குனிந்து புல்லைத்தான் மேயும்.

சந்தையில் பார்த்து வாங்குவதைவிடப் பண்ணையக்காரரின் பட்டியிலேயே வாங்குங்கள். ஆட்டை நடக்கவிட்டுப் பாருங்கள். கீழ் இமையை இழுத்தால் உள்ளே சிவப்பாக இருக்க வேண்டும். வெளுத்திருந்தால் வயிற்றில் புழு. பல் பாருங்கள், மடியைத் தொட்டுப் பாருங்கள், பின்பக்கம் கழிச்சல் கறை இருக்கிறதா என்று பாருங்கள். ஏற்கனவே ஒரு ஈற்று ஈன்று குட்டியை வளர்த்த பெட்டை, புதியவர்களுக்குத் தோதானது.

ஒரு துண்டில் புல் நான்கு விரல் உயரத்துக்கு இறங்கியதும் அடுத்த துண்டுக்கு மாற்றுங்கள். அதற்குக் கீழே மேயவிட்டால் தூர் காயும். பின்னாளில் மாடு வைத்தால் மாட்டை முதலில் விடுங்கள், ஆட்டை அடுத்து விடுங்கள். மாடு நீளப் புல்லைச் சுழற்றி இழுக்கும், மிச்சம் இருக்கும் குட்டைப் புல் ஆட்டுக்கு ஆகும். பங்குனியிலிருந்து ஆடி வரை புல் காய்ந்து கிடக்கும். அந்தக் காலத்துக்குச் சோளத்தட்டும் வெள்வேல நெற்றும் சேர்த்து வையுங்கள். மழையில்லாமல் வாடி நிற்கும் இளஞ்சோளத்தில் மட்டும் ஆட்டையும் மாட்டையும் விடவே கூடாது. அதில் நஞ்சு ஏறியிருக்கும். மேய்ந்த கொஞ்ச நேரத்தில் விழுந்து சாகும். பூத்து முற்றிய தட்டு, அறுத்துக் காய்ந்த தட்டு என்றால் பயமில்லை.

நோயில் இரண்டை மறக்காதீர்கள். துள்ளுமாரிக்கு வருடந்தோறும் மழைக்காலத்துக்கு முன் தடுப்பூசி. ஆட்டுக்கொல்லி நோய்க்கு மூன்று வருடத்துக்கு ஒரு முறை. இரண்டும் அரசுக் கால்நடை மருந்தகத்தில் போடுவார்கள். மழைக்கு முன்பும் பின்பும் குடற்புழு நீக்கம். ஆடு விழுந்துவிட்டால் 1962-ஐக் கூப்பிட்டால் கால்நடை ஆம்புலன்ஸ் வரும்.

நாய்த் தொல்லையைத் தனியாகச் சொல்ல வேண்டும். வெள்ளகோவில், காங்கேயம் பக்கம் நாய்க்கூட்டம் ராத்திரியில் பட்டிக்குள் புகுந்து ஆடுகளைக் கடித்துக் குதறிப்போட்டு, ஆட்டுக்காரர்கள் செத்த ஆடுகளோடு சாலையில் உட்கார்ந்து நியாயம் கேட்கும் நிலை வந்திருக்கிறது. ஆறே ஆடு வைத்திருப்பவருக்கு ஒரு ராத்திரியில் எல்லாம் போய்விடும். அதனால் பட்டிக்கு மட்டும் கிளுவையை நம்பாதீர்கள். ஆறடி உயரக் கம்பி வலை, அடியில் ஒரு அடி மண்ணுக்குள் புதைத்து, மேலே சோலார் விளக்கு. பொழுது சாயும்போது எண்ணி அடைத்துவிட்டு, கதவை நீங்களே ஒரு முறை இழுத்துப் பாருங்கள்.

சாப்பாட்டுக்கு ஒரு மூலை

மண் ஆழமாக இருக்கும் அரை ஏக்கரை வீட்டுச் சாப்பாட்டுக்கு ஒதுக்குங்கள். புரட்டாசி மழையில் சோளத்தோடு தட்டைப்பயறு, ஓரத்தில் துவரை, ஆமணக்கு. மழை தள்ளிப்போனால் ஐப்பசி, கார்த்திகையில் கொள்ளு. எவ்வளவு குறைந்த ஈரத்திலும் ஏமாற்றாது. பட்டி எருவெல்லாம் இந்த அரை ஏக்கருக்கே போகட்டும். மழைக்கு முன் ஆட்டை ராத்திரியில் இந்த மூலையிலேயே இடம் மாற்றி மாற்றி அடைத்தால் எருவைச் சுமக்கும் வேலையும் மிச்சம், மூத்திரமும் வீணாகாது. வீட்டுக் கழிவுநீர் போகும் இடத்தில் இரண்டு முருங்கை, ஒரு பப்பாளி, கொஞ்சம் கீரை. நாட்டுக்கோழி ஏழெட்டு இருந்தால் முட்டை வெளியே வாங்க வேண்டியதில்லை. வெள்ளைக்கழிச்சலுக்குத் தடுப்பூசி போடாமல் வளர்த்தால் ஒன்றுகூட மிஞ்சாது.

பணக் கணக்கு

ஆறு பெட்டையில் வருடத்துக்கு ஆறிலிருந்து எட்டுக் குட்டி எதிர்பார்க்கலாம். இதை வைத்துக் குடும்பம் நடத்த முடியாது. மூன்று வருடத்துக்காவது வீட்டில் ஒருவருக்கு வெளிவருமானம் இருந்தே ஆக வேண்டும். இல்லையென்றால் பள்ளிக் கட்டணம் வரும் மாதத்தில் பெட்டையை விற்க வேண்டிவரும். பெட்டையை விற்றால் பண்ணையமே போச்சு. பிறக்கும் பெட்டைக் குட்டிகளை வைத்துக்கொண்டு கிடாக்குட்டியை மட்டும் விற்றுக்கொண்டே வந்தால், பக்கத்துக் காட்டைக் குத்தகைக்கு எடுத்து மேய்க்கும் அளவுக்கு மந்தை வளரும். இந்த வட்டாரத்தில் மேய்ச்சலுக்குக் காடு குத்தகைக்கு விடுவது வழக்கம்தான்.

பிரதமரின் உழவர் உதவித்தொகை வருடத்துக்கு 6,000 ரூபாய் வருமே என்று கணக்கில் சேர்ப்பவர்கள் கவனிக்க: 2019 பிப்ரவரி 1-க்குப் பிறகு விலைக்கு வாங்கிய நிலத்துக்கு அது கிடையாது, வாரிசாக வந்த நிலம் என்றால் விண்ணப்பிக்கலாம். கூட்டுறவுச் சங்கத்தில் ஆடு மாடு வளர்ப்புக்கும் உழவர் கடன் அட்டை உண்டு. ஆடு வாங்க அதை எடுங்கள், வீடு கட்ட எடுக்காதீர்கள்.

குட்டி விற்க கன்னிவாடி, குண்டடம் மாதிரி ஆட்டுச் சந்தைகள் பக்கத்திலேயே இருக்கின்றன. விற்க வேண்டிய நாளுக்கு முன் இரண்டு மூன்று வாரமாவது வெறுங்கையோடு போய் நின்று விலை எப்படிப் பேசுகிறார்கள் என்று பாருங்கள். அங்கே கண் பார்வையில்தான் எடை போடுவார்கள். நீங்கள் வீட்டிலேயே தொங்கு தராசில் நிறுத்துக் குறித்துக்கொண்டு போனால் வியாபாரி சொல்லும் விலை கிலோவுக்கு எவ்வளவு படுகிறது என்று உடனே தெரியும். தீபாவளி, பக்ரீத், ஊர்க் கோயில் திருவிழாவுக்கு முன் வரும் சந்தைகளில் விலை ஏறும். அதற்கேற்ப ஆறேழு மாதக் கிடாவாக நிற்கும்படி ஈற்றைத் திட்டமிடலாம். சினை ஐந்து மாதம் என்பதால் பெட்டையோடு கிடாவை எப்போது சேர்ப்பது என்று காலண்டரில் பின்னோக்கி எண்ணினால் கிடைத்துவிடும்.

போர் விஷயத்துக்கு இப்போது வரலாம். மூன்று மழைக்காலம் வரப்பில் தண்ணீர் நின்று, குட்டை நிரம்பி, பக்கத்துக் கிணறுகளில் மட்டம் ஏறியிருந்தால், அதன்பிறகும் மந்தைக்கோ வீட்டுக்கோ தண்ணீர் பற்றவில்லை என்றால், நிலத்தடி நீர் ஆய்வாளரை வைத்துப் பார்த்துப் போடுங்கள். எத்தனை அடி வரை போவது என்பதை வண்டி வருவதற்கு முன்பே முடிவு செய்து, அதற்கான பணத்தை மட்டும் கையில் வையுங்கள். "இன்னும் நூறு அடி பார்க்கலாமுங்க" என்று ராத்திரி இரண்டு மணிக்குக் கேட்பார்கள். வேண்டாம் என்று சொல்லிவிட்டு வண்டியை அனுப்பிவிடுங்கள்.